கொக்கு மாஸ்டரின் கால்

ராபின், நீ கிளம்பிப் போய்க் கால் மணி நேரம் ஆகிறது. இஸ்திரி போட்ட நீலச் சட்டை, உள்ளே பட்டை வைத்த கறுப்பு ஷூ, தலையில் கொஞ்சம் அதிகமாகவே எண்ணெய். குரோம்பேட்டையில் ஜெனியைப் பார்த்துவிட்டு எட்டு மணிக்குள் வந்துவிடுவேன் என்று வாசலில் நின்று சொன்னாய். நான் பேப்பரிலிருந்து தலையைத் தூக்காமல் "ம்" என்றேன். நாளைக்குக் கோயிலில் உங்களுடைய மூன்றாவது கல்யாண ஓலை. இரண்டு ஞாயிறு வாசித்தாகிவிட்டது. உங்கள் இருவர் பெயரையும் படித்து, இவர்கள் மணம் செய்துகொள்ளக் கூடாது என்பதற்கு யாருக்காவது காரணம் தெரிந்தால் தெரிவிக்கலாம் என்று சொல்லிவிட்டு, ஆயர் சபையை ஒரு சுற்றுப் பார்ப்பார். இரண்டு வாரமும் என்னையும் பார்த்தார். இரண்டு வாரமும் நான் என் ஷூவைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். நாளைக்கும் வாசித்துவிட்டால் அதற்குப் பிறகு கேட்க ஆள் கிடையாது.

ஒரே வீட்டில் இருந்துகொண்டு எதற்குக் கடிதம் என்று கேட்பாய். முப்பத்து நாலு வருஷம் மைதானத்தில் நின்று பிள்ளைகளைப் பார்த்துக் கத்தியே பழகியவன் நான். வாயைத் திறந்தால் கத்துவேன், கத்த ஆரம்பித்தால் தப்பெல்லாம் எதிரில் நிற்பவன் தலையில் போய் விழும். அதனால்தான் பேனா. கல்யாணத்துக்கு நிற்கிற பிள்ளைக்கு அப்பா எழுதுவதில் ஆசீர்வாதம் இருக்க வேண்டும், வசனம் இருக்க வேண்டும். இதில் அதெல்லாம் இல்லை. தேடாதே. இதைப் படித்தால் உனக்கு வலிக்கும். அது தெரிந்துதான் எழுதுகிறேன்.

உன் ரத்தப் பரிசோதனை ரிப்போர்ட்டில் இருக்கும் பெயரை நீயும் நானும் வீட்டு விலாசம் மாதிரி மனப்பாடமாக வைத்திருக்கிறோம். பி.எம்.பி. 22. வயருக்கு மேலே பிளாஸ்டிக் உறை இருப்பது போல நரம்புக்கு மேலே ஓர் உறை இருக்கிறது. அந்த உறையின் சவ்வில் ஒரு புரதம் இருக்கிறது. அந்தப் புரதத்தைச் செய்யச் சொல்லும் மரபணு அது. எல்லாருக்கும் அது இரண்டு பிரதி, அப்பாவிடமிருந்து ஒன்று, அம்மாவிடமிருந்து ஒன்று. உனக்கு மூன்று. ஏதோ குறைந்து வந்த வியாதி இல்லை இது, ஒன்று கூடிப்போய் வந்தது. அதனால் உறை கெட்டு, நரம்பில் செய்தி மெதுவாகப் போய், முதலில் காலும் பிறகு கையும் சூம்புகிறது. அந்தக் கூடுதல் பிரதி உன் அம்மாவிடமிருந்து வந்தது என்று பதினான்கு வருஷத்துக்கு முன் உனக்குச் சொன்னவன் நான். அது பொய். எட்டு மாதத்துக்கு முன்பு உன்னிடம் சொல்லாமல் போய் ரத்தம் கொடுத்துவிட்டு வந்தேன். எனக்கும் மூன்று. உனக்கு அதைக் கொடுத்தது நான்தான், உன் அம்மா இல்லை.

ரத்தம் கொடுத்துத்தான் தெரிந்துகொண்டேன் என்று நினைக்காதே. எனக்கு இருபது வயதிலேயே அரைகுறையாகத் தெரியும். ஏர்ஃபோர்ஸுக்கு ஆள் எடுத்தபோது ஓடினேன், குதித்தேன், எல்லாவற்றிலும் தேறினேன். மெடிக்கலில் என் வெறுங்காலைப் பார்த்தவர், வில்லாய் வளைந்த பாதத்தையும் குச்சியான கெண்டைக்காலையும் தொட்டுப் பார்த்துவிட்டு, போகலாம் என்றார். ஊரில் வந்து கண் பார்வை சரியில்லை என்று திருப்பிவிட்டார்கள் என்றேன். அன்றைக்குப் போட்ட ஷூ. அதன் பிறகு கட்டிலைத் தவிர வேறெங்கும் கழற்றவில்லை. எனக்குப் பாதத்தின் முன்பக்கம் லேசாகத் தொங்கும். தரையில் தட்டாமல் இருக்க முட்டியை உயர்த்தித்தான் வைக்க வேண்டும். வேறு வேலையில் இருந்திருந்தால் ஒரே வாரத்தில் கண்டுபிடித்திருப்பார்கள். டிரில் மாஸ்டர் முட்டியைத் தூக்கி நடந்தால் யார் சந்தேகப்படுவார்கள்? அதையே மிடுக்கு என்றார்கள். இரண்டு தலைமுறைப் பிள்ளைகளுக்கு என் வியாதியை மார்ச் பாஸ்ட் என்று சொல்லிக்கொடுத்திருக்கிறேன். பசங்களுக்குத்தான் கண் இருந்தது. "டேய், கொக்கு வந்துகினு கீதுடா!" என்று பின் பெஞ்சிலிருந்து குரல் வரும். சொன்னவனைப் பிடித்து மைதானத்தை ஆறு சுற்று ஓட விடுவேன்.

நீ ஏழாம் வகுப்பு. விளையாட்டு விழாவுக்கு ஒத்திகை. மூன்றாவது வரிசையில் ஓரத்தில் நீ. உன் பாதம் தட்டி, முன்னால் போனவனின் குதிகாலை மிதித்து, அவனும் நீயும் விழுந்தீர்கள். எழுந்தாய், மறுபடி விழுந்தாய். மாஸ்டர் மகன் என்பதால் எல்லோரும் சிரிப்பை அடக்கிக்கொண்டு என் முகத்தைப் பார்த்தார்கள். விசில் கயிற்றைச் சுருட்டி உன் கெண்டைக்காலில் அடித்தேன். எத்தனை அடி என்று உனக்கு நினைவிருக்கும். "பொட்டப்புள்ள மாதிரி நடக்கிற. முட்டியைத் தூக்குடா!" என்று மைக்கிலேயே கத்தினேன். பிறகு தினமும் காலை ஐந்தரை மணிக்கு ஏரிக்கரையில் உனக்குத் தனிப் பயிற்சி. நீ அழுதுகொண்டே முட்டியைத் தூக்குவாய். உன்னைப் பார்க்கும்போது எனக்கு உள்ளே என்ன ஓடியது என்று இன்றைக்குச் சொல்கிறேன். பரிதாபம் இல்லை. பயம். என் காலை வெளியில் யாரோ நடக்கவிட்டுக் காட்டுகிற மாதிரி இருந்தது. அதனால்தான் அவ்வளவு அடி.

உனக்குப் பதினேழு வயதில் சட்டைப் பொத்தான் போட முடியாமல் போனபோது உன் அம்மாதான் பிடிவாதமாக ஆஸ்பத்திரிக்கு இழுத்துக்கொண்டு போனாள். உன்னை உள் அறையில் படுக்க வைத்து, வயர் ஒட்டி, நரம்பில் கரண்ட் வைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வெளி அறையில் டாக்டரம்மா எங்கள் இருவரையும் உட்கார வைத்து, இது பரம்பரையாக வருவது, அப்பா அம்மா இரண்டு பேருடைய காலையும் பார்க்க வேண்டும் என்றார். உன் அம்மா சட்டென்று செருப்பைக் கழற்றிவிட்டுப் பாதத்தை நீட்டினாள். அவர் பார்த்தார், சுத்தியலால் தட்டினார், "உங்க கால்ல ஒண்ணும் தெரியலம்மா" என்றார். பிறகு என் பக்கம் திரும்பி, "சார், நீங்க ஷூவைக் கழட்டுங்க" என்றார். நான் கழற்றவில்லை. "நான் பி.டி. மாஸ்டர் மேடம். என் காலுக்கு என்ன? ஸ்கூலே என் பின்னாடிதான் நடக்குது" என்றேன். வெளியில் தெரியாமல் உள்ளே இருப்பவர்களும் உண்டு, அதனால் இருவரும் ரத்தம் கொடுத்துவிடுங்கள் என்றார். பார்க்கலாம் என்று எழுந்துவிட்டேன். உன் அம்மா என் ஷூவையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

வெளியில் தெரியாமல் உள்ளே இருக்கலாம் என்ற அந்த ஒரு வரி போதுமாக இருந்தது எனக்கு. தாம்பரம் வரும் மின்சார ரயிலில், பல்லாவரம் தாண்டுவதற்குள் தீர்ப்பு எழுதிவிட்டேன். உன் அம்மாவின் தம்பி, உன் ஞானம் மாமா, சின்ன வயதிலிருந்தே ஒரு காலைச் சாய்த்துத்தான் நடப்பார். மூன்று வயதில் போலியோ. அது ஊருக்கே தெரியும், எனக்கும் தெரியும். "போலியோன்னு சொல்லி ஏமாத்திட்டாங்க. இது அவங்க வீட்டு ரத்தம்" என்று எதிர் சீட்டில் இருந்த உன்னிடம் சொன்னேன். அந்த வருஷம் கிறிஸ்மஸ் மதியம் மாமா கேக் எடுத்துக்கொண்டு வந்தார். எல்லோரும் பிரியாணி சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது, "உங்க குடும்பத்துக் காலை என் பையனுக்கு ஒட்ட வச்சிட்டீங்களே, திருப்தியா?" என்று கேட்டேன். மனுஷன் பாதித் தட்டோடு எழுந்து கை கழுவினார். அதன் பிறகு உன் அம்மாவைச் சவப்பெட்டியில் வைத்த அன்றைக்குத்தான் நம் வீட்டுப் படி ஏறினார்.

இனி வருவதுதான் உனக்கு வலிக்கும் இடம். உனக்குப் பதினெட்டு வயது. கல்லூரிக்குக் கிளம்பிக்கொண்டிருந்தாய். ஷூ லேஸ் கட்ட விரல் வளையவில்லை. அம்மா அடுப்பைச் சிம்மில் வைத்துவிட்டு வந்து குனிந்து கட்டப்போனாள். நீ காலை உதறினாய். "தொடாத! உன்னாலதான் எனக்கு இப்படி. உன்னை யாரு என்னைப் பெத்துக்கச் சொன்னா?" என்றாய். அவள் தரையில் உட்கார்ந்தபடியே உன்னை நிமிர்ந்து பார்த்து, "ஆமாண்டா. என்னாலதான்" என்றாள். அவ்வளவுதான். எழுந்து போய் தோசையைத் திருப்பிப் போட்டாள். நான் நாற்காலியில் பேப்பரை விரித்துக்கொண்டு இருந்தேன். ஒரே ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். நான் பக்கத்தைத் திருப்பினேன். அப்போது எனக்கு வந்தது நிம்மதி. நன்றாக ஞாபகம் இருக்கிறது, நிம்மதிதான்.

இரண்டு வருஷத்துக்கு முன் உன் அம்மா கிட்னி போய் ஆஸ்பத்திரியில் கிடந்தாளே, அப்போது ஒரு மதியம் நீ ஆபீஸில் இருந்தாய். நான் கட்டில் பக்கத்தில் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தேன். "ஏங்க, ஷூவைக் கழட்டிட்டு உக்காருங்க. கால் வலிக்கும்" என்றாள். பரவாயில்லை என்றேன். "முப்பது வருஷமா தேய்ச்சி விட்ட கால். எனக்குத் தெரியாதா? அந்த டாக்டரம்மா கேட்டப்பவே தெரியும்" என்றாள். "தெரிஞ்சா ஏன் சொல்லல? அவன் உன்னை அப்படித் திட்டினப்பகூட?" என்று அவளையே குற்றவாளியாக்கிக் கேட்டேன், பார்த்துக்கொள் என் புத்தியை. அவள் சொன்னாள்: "என்னைத் திட்டினா நான் தாங்கிப்பேன். உங்களைத் திட்டினா நீங்க அவனை அடிப்பீங்க." பிறகு, "அவன்கிட்ட மட்டும் நீங்களே சொல்லிடுங்க. நான் இருக்கும்போதே சொல்லிடுங்க" என்றாள். சரி என்றேன். அதற்குப் பிறகு பதினோரு நாள் இருந்தாள். பதினோரு நாளும் சாயங்காலம் நீ வந்தாய், கட்டில் காலடியில் நின்று போனைப் பார்த்துக்கொண்டிருந்துவிட்டுப் போனாய். பதினோரு நாளும் அவள் முதலில் உன் முகத்தையும் பிறகு என் முகத்தையும் பார்த்தாள். நான் சொல்லவில்லை.

நீயும் லேசுப்பட்டவன் இல்லை. உனக்காக அழுது எழுதுகிறேன் என்று நினைத்துவிடாதே. அந்த லேஸ் விஷயத்துக்குப் பிறகு மூன்று மாதம் அவளை அம்மா என்று கூப்பிடாமலே காலம் தள்ளினாய். கடைசிவரைக்கும் ஒரு மன்னிப்பு உன் வாயிலிருந்து வரவில்லை. இப்போது கேட்டாலும் வாங்கிக்கொள்ள ஆள் இல்லை. ஜெனி வீட்டிலிருந்து பேச்சு வந்தபோது, "காலைப் பத்திக் கேட்டா என்னப்பா சொல்றது?" என்று கேட்டாய். காலேஜில் ஃபுட்பால் ஆடும்போது லிகமென்ட் போய்விட்டது என்று சொல், பி.டி. மாஸ்டர் பையன் என்பதால் நம்புவார்கள் என்றேன். உனக்கு முப்பத்தொரு வயது. மறுத்திருக்கலாம். பிறக்கிற பிள்ளைக்கு இது வர பாதிக்குப் பாதி வாய்ப்பு என்று டாக்டர் உனக்குத் தெளிவாகச் சொல்லியிருக்கிறார். நீ என்னைப் பார்த்துச் சிரித்தாய். எனக்குத் தெரிந்து, ஏழாம் வகுப்புக்குப் பிறகு நீ என்னைப் பார்த்துச் சிரித்தது அன்றைக்குத்தான்.

இப்போது உனக்குத் தெரியாத ஒன்று. புதன்கிழமை மூன்று மணிக்கு ஜெனி, தான் டீச்சராக இருக்கும் பள்ளிக்கூடத்திலிருந்து நேராக இங்கே வந்தாள். மாப்பிள்ளைக்குக் கோட்டும் ஷூவும் பெண் வீட்டார் எடுப்பதுதானே நம் வழக்கம். நீ ஷூ அளவு கேட்டால் நழுவுகிறாய், நானே வாங்கிக்கொள்கிறேன் என்கிறாய் என்று அவள் அப்பாவுக்கு வருத்தமாம். உனக்குத் தெரியாமல் ஒரு பழைய ஷூவை எடுத்துப்போய் அளவு பார்க்கலாம் என்று வந்திருக்கிறாள். அலமாரியைத் திறந்தவள் கையில், விரிசல் விட்டதென்று நீ போட்டு வைத்திருந்த, பாதத்தைத் தாங்க ஷூவுக்குள் வைக்கும் பழைய பிளாஸ்டிக் பட்டை வந்தது. முழங்கால்வரை நீளம், உன் கெண்டைக்கால் அச்சு அப்படியே அதில் இருக்கிறது. "அங்கிள், இது என்ன?" என்றாள். ஃபுட்பால் என்று சொல்ல வாயைத் திறந்தேன். அவள் தரையில் உட்கார்ந்து அதை மடியில் வைத்துக்கொண்டிருந்தாள். உன் அம்மா உட்கார்ந்திருந்த அதே இடம். நான் நாற்காலியில் உட்கார்ந்து ஷூவைக் கழற்றினேன், சாக்ஸையும் கழற்றினேன். எல்லாவற்றையும் சொன்னேன். உன்னிடம் சொல்லப் பயந்ததை ஒரு அந்நியப் பெண்ணிடம் சொன்னேன். கோழைகள் சுலபமான ஆளைத்தான் தேடிப் பிடிப்பார்கள்.

அவள் அழவில்லை. பட்டையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "இது குழந்தைக்கும் வரலாம்னு ராபினுக்குத் தெரியுமா?" என்று மட்டும் கேட்டாள். தெரியாது என்று நான் சொல்லியிருந்தால் நீ தப்பியிருப்பாய். "தெரியும்மா" என்றேன். "எனக்குக் காலு பிரச்சினை இல்ல அங்கிள்" என்றாள். "சனிக்கிழமை பாக்கும்போது நானே அவர்கிட்ட கேப்பேன். ஒரே தடவைதான் கேப்பேன். நீங்க முன்னாடியே ஒண்ணும் சொல்லிடாதீங்க, ப்ளீஸ். சொன்னா எனக்குத் தெரிஞ்சிடும்." ஷூவை எடுத்துக்கொள்ளாமலே போய்விட்டாள். மூன்று நாளாக நீயும் நானும் ஒரே மேஜையில் சாப்பிடுகிறோம். நேற்று கோட்டைப் போட்டுப் பார்த்துவிட்டு, "எப்படிப்பா இருக்கு?" என்றாய். தோள்பட்டை சரியாக இருக்கிறது என்றேன்.

இப்போது மணி ஆறரை. போன் மேஜையில் என் கைக்கு எட்டும் தூரத்தில் கிடக்கிறது. எடுத்து, உண்மையைச் சொல்லிவிடுடா என்று நாலு வார்த்தை சொன்னால் போதும். நீ சொல்லிவிடுவாய், அவளும் ஏற்றுக்கொள்வாள், நாளைக்கு ஓலை வாசிப்பார்கள். எடுக்கமாட்டேன். உன்னைப் பழிவாங்குகிறேனா என்று என்னையே கேட்டுப் பார்த்தேன். கொஞ்சம் இருக்கிறது. நீ உன் அம்மாவிடம் காலை உதறியதற்கும், உன்னை அப்படி வளர்த்த எனக்கும் சேர்த்து. ஆனால் அது மட்டும் இல்லை. நான் பேசி நீ சொன்னால், அவள் கட்டிக்கொள்வது என் பயத்தை. நான் என் கல்யாணத்தில் அதைத்தான் செய்தேன். ஒரு பெண் முப்பது வருஷம் என் காலைத் தேய்த்துவிட்டு, ஒன்றும் தெரியாதவள் மாதிரி சாகக் கிடக்கும்வரை நடித்தாள். அப்பாவாக உனக்கு ஒரே ஒரு புத்தி சொல்ல முடியும் என்றால் இதுதான்: ஷூவைக் கழற்றச் சொல்லி யாராவது கேட்டால், முதல் தடவையிலேயே கழற்றிவிடு. இரண்டாவது தடவை கேட்க மாட்டார்கள். என்னை அந்த டாக்டரம்மா மறுபடி கேட்கவில்லை.

ஏழு அடிக்க ஐந்து நிமிடம். மேலே இருப்பதை எழுதி முடித்துவிட்டுக் கையெழுத்துப் போடலாம் என்று இருந்தேன். போனில் ஜெனியிடமிருந்து வந்திருக்கிறது. அப்படியே எழுதுகிறேன். "ஃபுட்பால்னு சொன்னார் அங்கிள். ரெண்டு தடவை கேட்டேன். ஆயர்கிட்ட அப்பா இன்னைக்கே பேசிடுவாங்க. நீங்க மாத்திரை போட மறக்காதீங்க."

ஒரே தடவைதான் கேட்பேன் என்றவள் உனக்காக இரண்டு தடவை கேட்டிருக்கிறாள் ராபின். நீ இரண்டு தடவையும் நான் சொல்லிக்கொடுத்ததையே சொல்லியிருக்கிறாய். நீ லிகமென்ட் என்ற வார்த்தையையும் சேர்த்திருப்பாய். மார்ச் பாஸ்டில்தான் உனக்கு என் நடை வரவில்லை. மற்றதெல்லாம் வந்துவிட்டது. மூன்றாவது பிரதியை நான் கொடுத்தேன் என்பது என் கையில் இல்லாதது. இந்தப் பொய்யை நான் உட்கார வைத்துச் சொல்லிக்கொடுத்தேன். நாளைக்கு ஆயர் ஓலையை வாசிக்கப் போவதில்லை. உனக்கு இன்னும் தெரியாது. அவள் உன்னிடம் ஒன்றும் காட்டிக்கொண்டிருக்க மாட்டாள், பஸ் ஸ்டாண்ட்வரைக்கும் வந்து வழியனுப்பியிருப்பாள்.

மணி ஏழரை. கீழே கேட் சத்தம். படியில் உன் கால் வைக்கும் ஓசை கேட்கிறது, தட்டி, தூக்கி, தட்டி. ஏதோ பாட்டை முணுமுணுத்துக்கொண்டே ஏறுகிறாய். கதவைத் திறந்து வைத்திருக்கிறேன். லைட் போட்டிருக்கிறேன். நாற்காலியை வாசலுக்கு நேராகப் போட்டுக்கொண்டு, ஷூவும் சாக்ஸும் இல்லாமல் உட்கார்ந்திருக்கிறேன். முதலில் என் காலைப் பார். பிறகு இதைப் படி.